கொஞ்சம் நடக்க வேண்டிய கல்லறை

வியாகுலமேரி பஸ் ஏறினால் சிதம்பரத்துப் பூனைகளுக்குத் தெரிந்துவிடும் என்று சொல்வார்கள். கடலூரில் அவள் கருவாட்டுக் கூடையைத் தூக்கிப் படியில் வைக்கும்போதே அங்கே பூனைகள் சோம்பல் முறித்து எழுந்து, பஸ் நிலையத்தை நோக்கி வரிசையாக நடக்க ஆரம்பித்துவிடுமாம். நடுவில் ஆலப்பாக்கத்தில் பஸ் பஞ்சரானால் அவையும் நின்று காத்திருக்குமாம். இதை நம்பாதவர்கள் உண்டு. ஆனால் அவள் கூடை நெத்திலியை ஒரு தடவை வறுத்துத் தின்றவர்கள் யாரும் மறுத்துப் பேசியதில்லை.

கடலூருக்குத் தெற்கே, கடலோரமாக, சவேரியார்குப்பம் என்று ஒரு சிற்றூர். கத்தோலிக்க வீடுகள் கொஞ்சம், இந்து வீடுகள் நிறைய, நடுவில் ஓட்டுக்கூரை போட்ட ஒரு கோயில், அதன் பின்னால் மணலில் ஒரு கல்லறைத் தோட்டம். வியாகுலமேரி அங்கேதான் பிறந்தாள், அங்கேயே கட்டிக்கொடுக்கப்பட்டாள். புருஷன் மரியலூர்து படகில் போவான், பேச மாட்டான். அவனுக்கும் சேர்த்து இவள் பேசிவிடுவாள். ஒரே மகளைப் புவனகிரியில் கொடுத்தாயிற்று. வாரத்தில் பாதி நாள் சிதம்பரத்தில் கருவாடு விற்பாள், மீதி நாள் கரையில் மீன் காயப் போட்டுக் காக்காய் விரட்டுவாள்.

பஸ்ஸில் யாராவது மூக்கைப் பொத்தினால் விட மாட்டாள். "பொத்திக்கம்மா. ராத்திரி குழம்புல போட்டா அந்த மூக்குதான் மொதல்ல அடுப்பாண்ட வரும்" என்பாள். மூக்கைப் பொத்தியவர்களில் பாதிப் பேர் இறங்கும்போது கால் கிலோ வாங்கிக்கொண்டுதான் இறங்குவார்கள்.

மோட்சத்தைப் பற்றி அவளுக்கு ஒரு தெளிவான அபிப்பிராயம் இருந்தது. மோட்சம் என்பது ஒரு கரை. படகுகள் நிறைந்து வரும். தரகன் கிடையாது. வெயில் சரியாகக் காயும், ஈ மொய்க்காது, மழை சொல்லிவிட்டு வரும். மாதா தினமும் சாயங்காலம் வந்து, "இன்னிக்கு என்ன மீனு?" என்று கேட்பாள். இதை யாரும் அவளுக்குப் படித்துக் கொடுத்ததில்லை. ஞாயிறு தோறும் பூசையில் கேட்டதையும் கரையில் கண்டதையும் வைத்து அவளே கட்டிக்கொண்டது.

2004ஆம் வருஷத்துக் கிறிஸ்துமஸுக்கு மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. விடியற்காலைப் பஸ்ஸிலேயே அவள் சிதம்பரம் போய்விட்டாள். பண்டிகைக் கறி தின்று சலித்தவர்கள் மறுநாள் கருவாடு தேடுவார்கள் என்பது அவள் கணக்கு. மரியலூர்து படகைச் சரிபார்க்கக் கரைக்குப் போனான். அதன் பிறகு நடந்தது ஊருக்கே தெரியும். பஸ் ஓடாததால் அவள் பாதி வழி நடந்தும் பாதி வழி யாரோ ஒருவருடைய டெம்போவிலும் வந்து சேர்ந்தாள். வீடு இருந்த இடத்தில் அடுத்த ஊரின் படகு ஒன்று கவிழ்ந்து கிடந்தது. மரியலூர்துவைக் காணவில்லை.

சில நாள் கழித்து, உப்பனாற்றுப் பக்கம் முள்ளுக்காட்டில் ஓர் உடல் கிடைத்தது. முகம் பார்க்கிற நிலையில் இல்லை. ஆனால் கழுத்தில் உத்தரியம் கிடந்தது. உத்தரியம் என்றால், கயிற்றில் கோத்த இரண்டு சின்னப் பழுப்புத் துணிச் சதுரம். மாதாவின் அடைக்கலம் என்று கத்தோலிக்கர்கள் கழுத்தில் போட்டுக்கொள்வது. சவேரியார்குப்பத்துக் கத்தோலிக்கர்களில் காணாமல் போன ஆண்பிள்ளை மரியலூர்து ஒருவன்தான்.

"உத்தரியம் கெடக்குது. நம்ம ஆளுதான். வேற யாரு?" என்றார் உபதேசியார் சவரிராயலு. கோயிலில் மணி அடிப்பது முதல் மந்திரம் சொல்லிக்கொடுப்பது வரை அவர் பொறுப்பு. சந்தேகம் என்ற ஒன்று அவருக்கு வந்ததே கிடையாது.

மரியலூர்துவின் அண்ணனும் அவரும் சேர்ந்து உடலைக் கோயில் கல்லறையில், மரியலூர்துவின் தாயாருக்குப் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள். பார்க்க வேண்டாம் என்று வியாகுலமேரியைத் தடுத்துவிட்டார்கள். உத்தரியத்தை மட்டும் கழற்றிக் கழுவி அவளிடம் கொடுத்தார்கள். அவள் அதைத் தன் கழுத்தில் போட்டுக்கொண்டாள்.

அக்கம்பக்கத்தில் ஆள் கிடைக்காத வீடுகள் எத்தனையோ இருந்தன. அவளுக்கு ஒரு சிலுவை இருந்தது, ஒரு மேடு இருந்தது. அடுத்த நவம்பரில் கல்லறைத் திருநாள் வந்தபோது அவள் அந்த மேட்டுக்குச் சுண்ணாம்பு அடித்து, துலுக்கச்சாமந்தி வைத்து, மெழுகுவத்தி ஏற்றினாள். பங்குச் சாமியார் கல்லறை கல்லறையாக வந்து மந்திரித்துக்கொண்டு போனார். கடைசி நாளில் இந்த மணலைத் தட்டிவிட்டுத் தன் புருஷன் எழுந்திருப்பான், பக்கத்தில் மாமியாரும் எழுந்திருப்பாள், எழுந்ததும் மருமகள் மேல் ஏதாவது குறை சொல்வாள் என்று வியாகுலமேரி உறுதியாக நம்பினாள். அந்த நம்பிக்கையில்தான் அவளால் மறுபடியும் கூடையைத் தூக்க முடிந்தது.

பங்குச் சாமியார் பெயர் லூர்து பிரகாஷ். வயது முப்பத்துச் சொச்சம். குறிஞ்சிப்பாடிப் பக்கத்தில் வேர்க்கடலை போடுகிற மணிலாக் கொல்லைக்காரர் வீட்டுப் பிள்ளை. வந்த புதிதில், "நெத்திலி பெருசானா வஞ்சிரம் ஆகுமா?" என்று கேட்டு ஊரையே ஒரு வாரம் சிரிக்க வைத்தவர். நல்ல மனுஷர். சுனாமிக்குப் பிறகு ஊரோடு சேர்ந்து உடல்களைத் தூக்கினவர்.

முதல் வருஷ நினைவுப் பூசையில் அவர் வேதத்தின் கடைசிப் பக்கங்களிலிருந்து ஒரு வாசகத்தை எடுத்தார். கண்ணீர் இல்லாத, சாவு இல்லாத ஒரு புது உலகம் வரும். அங்கே கடலும் இருக்காது. "நம்மளை அழ வெச்ச கடலு அங்க இல்ல" என்று அவர் பிரசங்கத்தில் சொன்னபோது கோயிலில் பலர் விம்மி அழுதார்கள். பிள்ளையைப் பறிகொடுத்த ஒருத்தி கை கூப்பி, "அப்படியே ஆவட்டும்" என்றாள்.

வியாகுலமேரிக்கு மட்டும் அது ஒட்டவில்லை. கடல் இல்லாத மோட்சத்தில் படகுக்காரனுக்கு என்ன வேலை? அவள் கட்டி வைத்திருந்த கரையை யாரோ வந்து அலுங்காமல் பெயர்த்துக்கொண்டு போனது போல இருந்தது. ஆனால் அழுகிறவர்களுக்கு நடுவில் எழுந்து நின்று நியாயம் கேட்கிற வயது தாண்டிவிட்டது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள்.

அடுத்த வருஷம் சுனாமி வீடுகள் கட்டிக் கொடுத்தார்கள். பல குப்பத்துக்காரர்களையும் கலந்து குடி வைத்தார்கள். வியாகுலமேரிக்குப் பக்கத்து வீட்டில் வந்தவள் செல்லாயி. வடக்கே இரண்டு குப்பம் தள்ளி இருந்தவள். அவள் புருஷன் பொன்னுரங்கத்தையும் கடல் கொண்டுபோனது, உடல் கிடைக்கவில்லை. காரியம் செய்ய இடம் தெரியாமல், அமாவாசை தோறும் கரையில் போய்ச் சோற்றை வீசி எறிந்துவிட்டு, கடலைக் கெட்ட வார்த்தையில் திட்டிவிட்டு வருவாள். அவள் திட்டுகிற தினத்தில் மீன்கள் காதைப் பொத்திக்கொண்டு ஆழத்துக்குப் போய்விடும், அதனால் மறுநாள் வலை காலி என்று படகுக்காரர்கள் சொல்வார்கள்.

இரண்டு பெண்களும் சீக்கிரமே ஒட்டிக்கொண்டார்கள். ஒரே அம்மியில் அரைத்தார்கள், ஒரே வெயிலில் மீன் காய வைத்தார்கள்.

செப்டம்பரில் ஒரு சாயங்காலம். குழாயடியில் வியாகுலமேரி குனிந்து குடம் தூக்கும்போது கழுத்துக் கயிறு வெளியே சரிந்தது. அவள் அதை ரவிக்கைக்குள் தள்ளிவிட்டுக்கொண்டாள்.

"அது உத்தரியந்தானக்கா?" என்றாள் செல்லாயி.

"ஆமா. உனக்கு எப்படித் தெரியும்?"

"எங்க ஊட்டுக்காரரும் போட்டிருந்தாரு. ஒரு வருஷம் காமாலை வந்து ரொம்பக் கெடையா கெடந்தாரு. பொழைச்சா வேளாங்கண்ணிக்கு நடந்து வர்றேன்னு வேண்டிக்கிட்டோம். பொழைச்சிட்டாரு, நடந்தாரு. அங்க வாங்கிப் போட்டதுதான். அப்புறம் கழட்டவே இல்ல. சாமி அறையில முருகரு, கழுத்துல மாதா. கேட்டா, ரெண்டு பேரும் கடலோரமாத்தான் இருக்காங்க, அவுங்களுக்குள்ள பேசிப்பாங்கன்னுவாரு."

வியாகுலமேரி சிரித்தாள்.

"கயித்துல கீழ்த்துணி ஒரு மூலை பிஞ்சு போச்சுக்கா. தைக்கக் குடுன்னா குடுக்க மாட்டாரு. கழுத்துல இருக்கிறப்பவே நாந்தான் வலை நூலை எடுத்துத் தெச்சேன். பச்சை நைலான் நூலு. ஊசி குத்திடுச்சுன்னு ஊரைக் கூட்டினாரு."

வியாகுலமேரி குடத்தை இறக்கி வைத்தாள். அடுப்பில் பால் வைத்த ஞாபகம் என்று சொல்லிவிட்டு வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். அவள் வீட்டில் அன்றைக்குப் பாலே வாங்கவில்லை.

உத்தரியத்தை எடுத்துப் பார்த்தாள். கீழ்த்துணியின் மூலையில் பச்சை நைலான் நூல். வலை முடிகிற மனுஷன், தானே தைத்துக்கொண்டிருப்பான் என்றுதான் இத்தனை நாள் நினைத்திருந்தாள். இப்போது உற்றுப் பார்த்தால் அது பெண்பிள்ளை போட்ட தையல்.

கல்லறையில் கிடப்பது பொன்னுரங்கம். மரியலூர்து கடலில் இருக்கிறான்.

இதைத் தெரிந்தவர் உலகத்தில் அவள் ஒருத்திதான். வாயைத் திறந்தால் அவளுக்குச் சிலுவை இல்லை, மேடு இல்லை, கல்லறைத் திருநாளில் போய் உட்கார ஓர் இடம் இல்லை. திறக்காவிட்டால் பக்கத்து வீட்டுக்காரி காலம் முழுக்கக் கடலைத் திட்டிக்கொண்டிருப்பாள், அவள் புருஷன் கூப்பிடு தூரத்தில் கிடக்கும்போதே. இன்னொன்றும் இருந்தது. கடலே இல்லாமல் போகும் என்று சாமியார் சொன்னாரே. அப்படியானால் கடலில் கிடக்கிறவன் எங்கிருந்து எழுந்திருப்பான்?

அக்டோபரில் ஒரு நாள் அவள் பங்குச் சாமியாரைத் தேடிப் போனாள். ஃபாதர் லூர்து பிரகாஷ் வராந்தாவில் சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தார்.

"சாமி, ஒரு சந்தேகம். கடைசி நாள்ல எது மொதல்ல நடக்கும்? செத்தவங்க எழுந்திருக்கிறதா, கடலு இல்லாம போறதா?"

அவர் ஊசியை நிறுத்தினார். "ஏன் கேக்குறீங்க?"

"வரிசை தெரியணும். ஆளுங்க எழுந்திருக்கிறதுக்கு முன்னாடியே கடலை எடுத்துட்டா, அதுல கெடக்கிறவங்க கதி என்னா?"

இந்தக் கேள்வியை இறையியல் படித்த ஏழு வருஷத்தில் அவரிடம் யாரும் கேட்டதில்லை. ஆனால் அவர் சிரிக்கவில்லை. உள்ளே போய் வேதத்தை எடுத்து வந்து, கண்ணாடி போட்டுக்கொண்டு பக்கம் புரட்டினார்.

"கடலு தங்கிட்ட இருக்கிறவங்களைத் திருப்பிக் குடுத்துடும்னு போட்டிருக்கு. அது மொதல்ல. அதுக்கு அப்புறந்தான் புது பூமி, கடலு இல்லாதது எல்லாம்."

"எல்லாரையும் குடுக்குமா? ஒண்ணு ரெண்டை அமுக்கிக்காதே?"

"எல்லாரையும்."

வியாகுலமேரி வந்த காரியம் முடிந்தது. ஆனாலும் எழுந்திருக்கவில்லை.

"சரி சாமி, குடுத்துடுச்சு. குடுத்ததுக்கு அப்புறம் அதை ஏன் இல்லாம பண்ணணும்? எரவல் வாங்குன பாத்திரத்தைத் திருப்பிக் குடுத்தவளைத் தெருவை விட்டா தொரத்துவாங்க?"

ஃபாதர் வேதத்தை மூடி வைத்தார். "அதை எழுதுனவர் ஒரு கைதிம்மா. ரோமாபுரிக்காரன் அவரைக் கொண்டு போயி ஒரு தீவுல போட்டுட்டான். அவரு ஜனமெல்லாம் அந்தாண்டக் கரையில. எந்தப் பக்கம் திரும்புனாலும் தண்ணி. அந்தத் தண்ணி மேலதான் ராஜாவோட கப்பல் வரும், சிப்பாய் வருவான். அவருக்குக் கடலுன்னா ஜெயிலுச் செவுரு. அப்படிப்பட்ட மனுஷனுக்குக் கடவுள் நல்லது காட்டுனா எப்படிக் காட்டுவாரு? செவுரு இல்லேன்னுதானே காட்டுவாரு?"

"பாவம்" என்றாள் வியாகுலமேரி. உண்மையாகவே அவளுக்கு அந்தப் பெரியவர் மேல் இரக்கம் வந்தது. "ஒரு படகு கேட்டிருக்கலாம்."

"கேட்டிருக்கலாம்."

"அது அவரு கண்ட மோட்சம். உங்களுது என்னா சாமி? நீங்க கொல்லைக்காரங்க ஆச்சே."

அவர் வெட்கப்பட்டவர் போலத் தெரிந்தது. "கேணி. எங்க கொல்லைக் கேணி சித்திரையில அடி தெரியும். அம்மா அதை எட்டிப் பாத்துட்டு நிப்பாங்க. மோட்சம்னு நினைச்சா எனக்கு வத்தாத கேணிதான் வரும்." பிறகு குரலைத் தாழ்த்தி, "அந்த வாசகத்தை உங்களுக்காக எடுத்தேன்னு நினைச்சேன். எனக்காகத்தான் எடுத்திருக்கேன் போல. அன்னிக்கி உடலுங்களைத் தூக்குனதுலேர்ந்து எனக்குக் கடலைப் பாக்கவே முடியல. வருஷம் ரெண்டு ஆவப் போவுது, காலு நனைக்கல."

"எங்களுக்கு அது செவுரு இல்ல சாமி. வாசல். அடிச்சிடுச்சு, வாஸ்தவம். கையை ஒடிச்சிடுச்சு. அதுக்காக வாசலே இல்லாத ஊட்ல போயி எப்படி இருக்கிறது?"

தெரியாததைத் தெரிந்த மாதிரி சொல்கிற வழக்கம் அவருக்கு இல்லை. அவள் எழுந்து, அவர் தைத்த பொத்தானைப் பார்த்து, தலைகீழாகத் தைத்திருக்கிறார் என்று சொல்லி, பிய்த்துச் சரியாகத் தைத்துக் கொடுத்துவிட்டுப் போனாள். பொத்தானில் தலைகீழ் ஏது என்று அவர் அவள் போன பிறகுதான் யோசித்தார்.

வரிசை தெரிந்துவிட்டது. புருஷன் எழுந்திருப்பான். ஆனால் அதுவரைக்கும் அவள் எங்கே போய் நிற்பாள்? அந்த மேட்டை விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை. சுண்ணாம்பு அடித்தது இந்தக் கை. சாமந்தி வைத்தது இந்தக் கை. செல்லாயி முகத்தைப் பார்க்க முடியாமல், வாரம் முழுக்கச் சிதம்பரத்துக்கே போய்க்கொண்டிருந்தாள்.

அங்கே அவள் கூடைக்கு எதிர்ச்சாரியில் பூ விற்கிறவள் ஞானாம்பாள். அவளும் புருஷனை இழந்தவள். வெற்றிலை போடாமல் வாய் திறக்க மாட்டாள். போட்டால் மூட மாட்டாள்.

"என்னா மேரி, ரெண்டு வாரமா கூவவே இல்ல. பூனைங்கல்லாம் பஸ் ஸ்டாண்டுல பட்டினி கெடக்குது. ஊட்ல என்னா?"

"ஒண்ணுமில்ல."

"ஒண்ணுமில்லன்னு சொல்ற மூஞ்சா இது. கூடை காலியாச்சுல்ல, எழுந்து வா. கோயிலுக்குள்ள போயிட்டு வருவோம்."

"நான் வேதக்காரி. அதுவும் இல்லாம மேலெல்லாம் கருவாட்டு வாடை."

"எங்க சாமி சுடுகாட்டுச் சாம்பலைப் பூசிக்கிறவரு. கருவாட்டுக்கு மூஞ்சைச் சுளிக்க மாட்டாரு" என்று சொல்லி ஞானாம்பாள் ஒரு முழம் மல்லிகையை மடியில் போட்டு இழுத்துக்கொண்டு போனாள். இதைச் சாமியாரிடம் பாவசங்கீர்த்தனத்தில் ஒப்புக்கொள்ள வேண்டியிருக்குமே என்று நினைத்துக்கொண்டே வியாகுலமேரி போனாள்.

நடராசர் சந்நிதியில் கூட்டம் நெருக்கியது. ஆடுகிற சாமிக்குப் பக்கத்தில் ஒரு திரை தொங்கியது. தீட்சிதர் திரையை விலக்கித் தீபம் காட்டினார். எல்லோரும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். வியாகுலமேரி எட்டிப் பார்த்தாள். பொன்னால் செய்த வில்வ இலை மாலை தொங்கியது. மாலைக்குப் பின்னால் ஒன்றுமில்லை. வெறும் இடம்.

"ஆளைக் காணமே" என்றாள் ஞானாம்பாளின் காதில்.

"அதான். அதைப் பாக்கத்தான் இந்தக் கூட்டம்."

"ஒண்ணும் இல்லாததுக்கா மாலை போட்டு வெச்சிருக்காங்க?"

"எனக்கு என்னாடி தெரியும், நான் படிச்சவளா? எங்காத்தா கும்புட்டா, நானும் கும்புடுறேன். ஆனா மத்த சாமின்னா நகை என்னா, பட்டு என்னான்னு கண்ணு மேயும். இங்க மேயறதுக்கு ஒண்ணும் இல்ல, அதனால நமக்குள்ள திரும்பிடும். எங்க ஊட்டுக்காரரு செத்த வருஷம் நான் இங்க வந்துதான் நின்னேன். அப்ப எனக்கு இதுதான் தோதா இருந்துது."

திரை மூடியது. பின்னால் நின்றவர்கள் தள்ள, இருவரும் வெளியே வந்தார்கள்.

திரும்பும் பஸ்ஸில் வியாகுலமேரிக்கு ஜன்னலோரம் கிடைத்தது. ஒவ்வொரு வருஷமும் ஈஸ்டருக்கு முந்தின இரவு பாஸ்குப் பூசையில் அவள் கேட்கிற கதை ஒன்று உண்டு. பெண்கள் நறுமணத் தைலம் எடுத்துக்கொண்டு ஆண்டவருடைய கல்லறைக்குப் போகிறார்கள், கல் புரண்டு கிடக்கிறது, உள்ளே ஆளில்லை. சாமியார் உடனே அல்லேலூயா பாடச் சொல்வார். ஆளைக் காணோம் என்பதில் பாடுவதற்கு என்ன இருக்கிறது என்று சின்ன வயதிலிருந்தே அவளுக்கு ஒரு குறை. உடல் இருந்தால்தானே கல்லறை, மூடினால்தானே மந்திரிப்பு. இப்போது யோசித்தால் அந்தப் பெண்களும் வெறும் இடத்துக்கு முன்னால்தான் நின்றிருக்கிறார்கள். அவர்களுக்கு ஒரு மேடுகூட மிஞ்சவில்லை. அவளுடைய வேதமே அந்த வெறும் இடத்திலிருந்துதான் ஆரம்பித்திருக்கிறது. நாற்பது வருஷமாகக் கோயிலில் கேட்டும் காதில் ஏறாதது, சிதம்பரத்தில் யாரோ ஒரு திரையை விலக்கியதும் ஏறிவிட்டது.

பாவசங்கீர்த்தனத்தில் இதைச் சொல்வதா வேண்டாமா என்று புதுச்சத்திரம் வரை யோசித்தாள். பிறகு தூங்கிப்போனாள்.

நவம்பர் இரண்டாம் தேதி. மழை விட்டு விட்டுப் பெய்தது. காலையில் வியாகுலமேரி பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டினாள்.

"செல்லாயி, குளிச்சிட்டு வா. எங்கூடக் கல்லறைக்கு வர்ற."

"நான் எதுக்குக்கா? உங்க பண்டிகை."

"வான்னா வா. தேங்கா இருந்தா எடுத்துக்க. உங்க வழக்கத்துக்கு வேற என்னா வேணுமோ அதையும் எடுத்துக்க."

கல்லறைத் தோட்டத்தில் ஈர மணலில் மெழுகுவத்திகள் அணைவதும் ஏற்றுவதுமாக இருந்தன. ஃபாதர் லூர்து பிரகாஷ் ஒவ்வொரு மேடாக வந்தார். பின்னால் உபதேசியார் சவரிராயலு தீர்த்த வாளியும் குடையுமாக வந்தார். வீட்டார் இறந்தவர் பெயரைச் சொல்ல, சாமியார் அந்தப் பெயரைச் சொல்லிச் செபித்துத் தீர்த்தம் தெளிப்பார்.

அவர்கள் முறை வந்தது. மரியலூர்துவின் அண்ணன் வழக்கம்போலப் பெயரைச் சொல்ல வாயெடுத்தான். வியாகுலமேரி அவனைக் கையமர்த்தினாள்.

"பொன்னுரங்கம்" என்றாள்.

சாமியார் நிமிர்ந்து பார்த்தார். செல்லாயி கையிலிருந்த தேங்காயை மார்போடு அணைத்துக்கொண்டாள்.

வியாகுலமேரி கழுத்திலிருந்து உத்தரியத்தைக் கழற்றி, மூலையைத் திருப்பி, செல்லாயி கண்ணுக்கு நேரே பிடித்தாள். "இது உன் தையலான்னு பாரு."

செல்லாயி வாங்கிப் பார்த்தாள். பச்சை நூலை விரலால் தடவினாள். அப்படியே மணலில் உட்கார்ந்தாள். நெற்றியை மேட்டில் வைத்துக்கொண்டாள்.

"செப்டம்பர்லேர்ந்து எனக்குத் தெரியும். சொல்ல மனசு வரல" என்றாள் வியாகுலமேரி, பொதுவாக எல்லோருக்கும்.

முதலில் சுதாரித்தவர் உபதேசியார். "சாமி, இது என்னா கூத்து? ஞானஸ்நானம் வாங்காத ஆளு. மந்திரிச்ச மண்ணுல எப்படி? மேலிடத்துல கேட்டா நான் என்னா பதில் சொல்றது?"

"பொதைச்சது யாரு உபதேசியாரே?" என்றார் ஃபாதர்.

உபதேசியார் குடையைக் கை மாற்றிக்கொண்டார்.

"அடக்கத்தன்னிக்கு மந்திரிச்சாச்சு, போன வருஷமும் மந்திரிச்சாச்சு. குடுத்த ஆசீர்வாதத்தைத் திருப்பி வாங்குற செபம் எனக்குச் சொல்லிக் குடுக்கல. மாதாவைக் கழுத்துல போட்டுக்கிட்டு நம்ம ஊட்டுக்கு வந்த மனுஷன். இருக்கட்டும்." அவர் மேட்டின் பக்கம் திரும்பி, பொன்னுரங்கம் என்று பெயர் சொல்லி, மற்றவர்களுக்குச் சொன்ன அதே செபத்தைச் சொல்லித் தீர்த்தம் தெளித்தார். செல்லாயி கற்பூரம் ஏற்றித் தேங்காய் உடைத்தாள். உபதேசியார் வேறு பக்கம் பார்த்துக்கொண்டார். ஆனால் மழைத்தூறல் கற்பூரத்தில் விழாமல் குடை மட்டும் எப்படியோ அந்தப் பக்கம் சாய்ந்திருந்தது.

"உங்க ஊட்டுக்காரருக்கு?" என்றார் ஃபாதர் தணிந்த குரலில்.

"அவுரு கல்லறை பெருசு சாமி. கொஞ்சம் நடக்கணும்."

அவருக்குப் புரிந்தது. கோயிலைத் தாண்டி, தென்னைகளைத் தாண்டி, மழைக்காலத்துக் கடல் இரைந்துகொண்டிருந்தது. அவர் அந்தப் பக்கம் பார்த்தார், வாளியைப் பார்த்தார். பிறகு உபதேசியார் கையிலிருந்து வாளியைத் தானே வாங்கிக்கொண்டு நடந்தார். கல்லறையில் இருந்தவர்கள் ஒவ்வொருவராகப் பின்னால் வந்தார்கள். வழியில் இந்து வீடுகளிலிருந்தும் சில பெண்கள் முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு வந்து சேர்ந்துகொண்டார்கள். அவர்கள் வீட்டு ஆட்களும் அந்தக் கடலில்தான் இருந்தார்கள்.

ஈர மணல் முடிகிற இடத்தில் ஃபாதர் நின்றார். அடுத்த அலை வந்து செருப்பை நனைத்தது. அவர் பின்வாங்கவில்லை.

"தீர்த்தத்துல ஒரு கை உப்புப் போட்டுத்தான் மந்திரிப்போம்" என்றார், யாருக்கோ சமாதானம் சொல்வது போல.

"இங்க உப்பு ரெடியா இருக்கு சாமி. செபம் ஒண்ணுதான் பாக்கி" என்றாள் வியாகுலமேரி.

அவர் புத்தகத்தைத் திறந்தார். "பேரு சொல்லுங்க."

வியாகுலமேரி வாயைத் திறந்தாள். பெயர் வரவில்லை. மூன்று தாலுக்காவுக்குக் கேட்கிறாற்போலக் கூவுகிறவள். முப்பது வருஷக் குடித்தனத்தில் ஒரு தடவைகூடப் புருஷன் பெயரைச் சொன்னதில்லை. அந்த ஊரில் கட்டிய எவளும் சொல்வதில்லை. ரேஷன் கடையில் கேட்டால்கூடப் பக்கத்தில் நிற்கிறவளைச் சொல்ல வைப்பார்கள். மரியலூர்துவின் அண்ணனைத் தேடித் திரும்பினாள். அவன் கல்லறையிலேயே, தம்பி இல்லாத மேட்டின் முன்னால் நின்றுவிட்டிருந்தான்.

அலை வந்து போனது. சாமியார் காத்திருந்தார்.

செல்லாயி கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தாள். கடலை நேருக்கு நேர் பார்த்து, திட்டுகிற அதே தொண்டையால் கூப்பிட்டாள்.

"மரியலூர்து."

சாமியார் அந்தப் பெயரைச் சொல்லிச் செபித்தார். பிறகு தெளித்தார். பிறகு மற்றப் பெண்கள் தங்கள் ஆட்களின் பெயர்களைச் சொல்ல வேண்டியிருந்தது. ஒருத்தி பக்கத்தில் இருந்தவளின் புருஷன் பெயரைச் சொன்னாள். அவள் இவளுடைய புருஷன் பெயரைச் சொன்னாள். தீர்த்தம் தீர்ந்துபோனது. ஃபாதர் முழங்கால் வரை இறங்கி, வாளியில் கடலையே மொண்டு, மந்திரித்து, கடலுக்கே தெளித்தார்.

"இதெல்லாம் சட்டத்துல இருக்கான்னு ஆயர் இல்லத்துல கேக்கணும்" என்றார் கரையேறி வந்து, அங்கியைப் பிழிந்துகொண்டே.

"கேளுங்க சாமி. அவுங்க பதில் சொல்றதுக்குள்ள அடுத்த வருஷம் வந்துடும்" என்றாள் வியாகுலமேரி.

அடுத்த வருஷம் வந்தது. அதற்கடுத்த வருஷமும் வந்தது. பதில் வந்ததா என்று யாருக்கும் தெரியாது. ஃபாதர் லூர்து பிரகாஷ் மாற்றலாகிப் போனார். 'தானே' புயல் கல்லறைச் சிலுவைகளைப் பிடுங்கி எறிந்தது; மறுபடி நட்டார்கள். கல்லறைத் திருநாளன்று மேடுகளை முடித்துக்கொண்டு கரைக்கு நடப்பதும், பெண்கள் ஒருத்திக்காக ஒருத்தி பெயர் சொல்வதும் மட்டும் நிற்கவில்லை.

2012இல் புதிதாக வந்த இளம் சாமியார் அதைக் கண்டு அசந்துபோனார். வாளியோடு நடந்துகொண்டே, "இது எப்பலேர்ந்து இருக்கிற வழக்கம்?" என்று உபதேசியாரிடம் கேட்டார்.

சவரிராயலுவுக்குத் தலை முழுக்க நரைத்திருந்தது. அவர் ஒரு நொடிகூடத் தயங்கவில்லை. "ஆதியிலேர்ந்து சாமி. பிரெஞ்சுச் சாமியார்ங்க கப்பல்ல வந்து எறங்குன காலத்துலேர்ந்து. எங்க தாத்தா சொல்லக் கேட்டிருக்கேன்."

பின்னால் வந்துகொண்டிருந்த செல்லாயி வியாகுலமேரியின் இடுப்பில் இடித்தாள். வியாகுலமேரி உதட்டைக் கடித்துக்கொண்டு, வழுக்குகிற மணலில் பார்த்துப் பார்த்துக் கால் வைத்து நடந்தாள்.